பச்சை உடம்புக்காரியின் தட்டில் என்ன இருக்கிறது?
தாய்சேய் நலம்: வாசகர் கேள்வி – பதில்

இம்மாதம் வந்த கடிதங்களில் ஐந்தைத் தேர்ந்தெடுத்துப் பதில் எழுதியிருக்கிறேன். எழுதியவர்களின் பெயர்களை விட்டுவிட்டேன். பர்மாவின் மோல்மீன் நகரிலிருந்து வந்த முதல் கடிதத்திற்கே பாதி இடம் போய்விட்டது. அது தாய், சேய் இருவரின் உயிரையும் தொடும் கேள்வி என்பதால் சுருக்க மனம் வரவில்லை.

கேள்வி: எனக்கு இது முதல் பிரசவம். குழந்தை பிறந்து முப்பத்தைந்து நாள் ஆகிறது. தாய்ப்பால் மட்டுமே கொடுக்கிறேன். பருப்பு சாப்பிட்டால் பிள்ளைக்கு வாயு சேரும், காயும் பழமும் குளிர்ச்சி என்று சொல்லி, சுடுசோறு, சுட்ட கருவாடு, மிளகு ரசம் தவிர வேறொன்றும் என் மாமியார் தருவதில்லை. நாற்பத்தைந்து நாள் கழியட்டும் என்கிறார். ஒரு வாரமாக உள்ளங்கால் மரத்துப்போகிறது, மாடிப்படி ஏறினால் கெண்டைக்கால் வலிக்கிறது. பத்தியத்தால் இப்படி வருமா, டாக்டர் அம்மா?
– ஒரு மருமகள், மோல்மீன்

பதில்: தங்கைக்கு, காலைப் பற்றி நீங்கள் எழுதிய அந்த ஒரு வரிக்காகவே உங்கள் கடிதத்தை முதலில் எடுத்தேன். உள்ளங்கால் மரத்துப்போவதும், எறும்பு ஊர்வது போல இருப்பதும், கெண்டைக்கால் வலிப்பதும் உடம்பில் வைட்டமின் பி1 குறைந்து வருவதற்கான அறிகுறிகளாக இருக்கக்கூடும். இந்த இதழ் கையில் கிடைத்த அன்றே குழந்தையையும் தூக்கிக்கொண்டு மருத்துவரிடம் செல்லுங்கள்; பிரசவமானதிலிருந்து இன்றுவரை என்னென்ன சாப்பிட்டீர்கள் என்பதை ஒன்று விடாமல் அவரிடம் சொல்லுங்கள். இதற்கான மாத்திரை விலை குறைவானது. பாலூட்டும் தாய்க்கு அதனால் கெடுதல் இல்லை.

இதை நான் இத்தனை அவசரமாகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. தயமின் எனப்படும் இந்த பி1 சத்தை நம் உடம்பால் நெடுநாள் சேமித்து வைக்க முடியாது. உணவில் அது வராமல் போனால் இரண்டு மூன்று வாரத்திலேயே கையிருப்பு கரைந்துவிடும். பாலூட்டும் தாய்க்கு நாளொன்றுக்குச் சுமார் 1.5 மில்லிகிராம் வேண்டும். வெள்ளைவெளேரென்று தீட்டிய அரிசிச் சோற்றை மட்டும் எவ்வளவு சாப்பிட்டாலும் அது கிடைக்காது. நாற்பத்தைந்து நாள் பத்தியத்தில் மூன்றாம் வாரமே தாயின் கையிருப்பு தீர்ந்துவிடுகிறது என்றால், அதற்குப் பிறகு பிள்ளை குடிக்கும் பாலில் அந்தச் சத்து எங்கிருந்து வரும்? பால் சுரக்கும், பிள்ளையும் வயிறு நிறையக் குடிக்கும், கன்னங்கூடக் கொழுகொழுவென்று இருக்கும். இரண்டு மூன்று மாதத்தில் ஒருநாள் திடீரென்று பால் குடிக்க மறுக்கும், வாந்தி எடுக்கும், ஓயாமல் அழும், மூச்சு வாங்கும். பச்சிளங்குழந்தைக்கு வரும் பெரிபெரி நோய் இப்படித்தான் தொடங்குகிறது. இருதயம் தளர்ந்துவிட்டால் சில மணி நேரத்தில் உயிரே போய்விடும்.

பயிற்சி மருத்துவராக இருந்த நாளில் நான் பார்த்த ஒரு பிள்ளையை இன்றும் மறக்கவில்லை. மூன்று மாதக் குழந்தை. வாய் அகலத் திறந்திருந்தது, முகம் சிவந்து சுருங்கியிருந்தது, கண்ணோரம் நீர் வழிந்தது; அழுகிறது என்று எவருக்கும் தெரியும், ஆனால் சத்தம் மட்டும் வரவில்லை. ஊமைப்படம் பார்ப்பது போல இருந்தது. தாயிடம் என்ன சாப்பிடுகிறாய் என்று மூத்த தாதி கேட்டார். "சோறும் உப்பும்" என்றாள் அந்தப் பெண். பி1 ஊசி போட்டார்கள். ஊசி போட்ட சில மணி நேரத்தில் மூச்சிரைப்பு அடங்கிப் பிள்ளை தாயின் மார்பைத் தேடியது. குரல் திரும்ப மட்டும் இன்னும் சில நாள் ஆனது. குரல் கம்மிப்போவதும், அழுகை சத்தமில்லாமல் போவதும் இந்நோயின் அடையாளங்கள் என்பதை இதைப் படிக்கும் ஒவ்வொரு வீட்டாரும் மனதில் வைத்துக்கொள்ள வேண்டுகிறேன். அந்த நிலையில் மந்திரிக்கவோ விடியட்டும் என்று பொறுக்கவோ நேரமில்லை. மருத்துவமனைக்குள் நுழையும்போதே "தாய் பத்தியத்தில் இருக்கிறாள்" என்று சொல்லிவிடுங்கள்; அந்த ஒரு வாக்கியம் மருத்துவரின் வேலையில் பாதியைக் குறைத்துவிடும். தாய்ப்பாலையும் நிறுத்த வேண்டியதில்லை. தாய்க்கும் பிள்ளைக்கும் சேர்த்தே பி1 கொடுத்துவிட்டால் பால் மீண்டும் நல்ல பாலாகிவிடும்.

இனி உங்கள் மாமியாருக்கு நான் நேரடியாக ஒரு வார்த்தை எழுதுகிறேன். இதை அவருக்குப் படித்துக் காட்டுங்கள். பெரியம்மா, பச்சை உடம்புக்காரியைப் பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற உங்கள் அக்கறையை நான் மதிக்கிறேன். ஆனால் நம் ஊர்ப் பாட்டிமார் வைத்த பத்தியத்தில் பூண்டுக் குழம்பு இருந்தது, முருங்கைக்கீரை இருந்தது, பால் ஊற சுறாப்புட்டு இருந்தது, நல்லெண்ணெய் தாராளமாக இருந்தது. சோறும் கருவாடும் மட்டும் என்பது பர்மாவில் அக்கம்பக்கத்து வீடுகளின் வழக்கம் நம் வழக்கத்தோடு கலந்து, இருபக்கத்து விலக்குகளும் ஒன்றுசேர்ந்ததால் வந்த நிலை என்றே நான் நினைக்கிறேன். தாய் பருப்பு சாப்பிடுவதால் பிள்ளையின் வயிற்றில் வாயு சேராது. அவள் வயிற்றில் உண்டாகும் வாயு பாலில் கலப்பதில்லை.

அரிசியைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். 1905ஆம் ஆண்டில் கோலாலம்பூரில் இருந்த ஒரு மனநோயாளர் விடுதியில் வில்லியம் ஃபிளெட்சர் என்ற மருத்துவர் அங்கிருந்தவர்களை இரண்டு பிரிவாக்கி, ஒரு பிரிவினருக்குத் தீட்டிய வெள்ளை அரிசியும் மற்றவர்களுக்குப் புழுங்கலரிசியும் கொடுத்துப் பார்த்தார். வெள்ளை அரிசி உண்டவர்களிடையே பெரிபெரி பரவியது. புழுங்கலரிசி உண்டவர்களை அது ஏறக்குறைய அண்டவேயில்லை. மலாயாவில் புழுங்கலரிசி உண்ட தமிழ்த் தொழிலாளர்களிடம் இந்நோய் அரிதாக இருந்ததும் அக்காலத்து மருத்துவர்களின் கண்ணில் பட்டது. நெல்லை அவிக்கும்போது உமியை அடுத்த தவிட்டிலுள்ள சத்து அரிசிக்குள் இறங்கிவிடுகிறது. நம் முன்னோர் கப்பலேறி வந்தபோது கொண்டுவந்த அந்தப் பழக்கத்தை நாம்தான் இங்கே பவ்சான் என்ற பர்மிய வெள்ளை அரிசியின் மணத்தில் மறந்துவிட்டோம். பவ்சானை விட முடியாவிட்டால், கழுநீர் தெளியும்வரை நாலைந்து முறை அரிசியைக் களைவதையாவது விடுங்கள். ஒருமுறை களைந்து, கஞ்சியை வடித்துக் கொட்டாமல் அளவாக நீர் வைத்துப் பொங்குங்கள். தண்ணீரில் கரையும் சத்து அது.

தட்டில் வைக்க விலை உயர்ந்த எதுவும் தேவையில்லை. விடியற்காலையில் தலையில் தட்டோடு கூவிக்கொண்டு வரும் பெண்ணிடம் கிடைக்கும் பே ப்யோக், அதாவது முளைகட்டி அவித்த பட்டாணி, ஒரு கிண்ணம் போதும். அதனோடு பாசிப்பருப்பு, உளுந்தங்களி, வறுத்த நிலக்கடலை, எள்ளுருண்டை, முட்டை, கீரை என்று மாற்றி மாற்றிக் கொடுங்கள். சாப்பிடுகிறவர்களுக்குப் பன்றி இறைச்சியில் இந்தச் சத்து மிகுதி. வெற்றிலை பாக்கும், லப்பெத் என்ற புளிக்கவைத்த தேயிலையும், கடுந்தேநீரும் இச்சத்தை உடம்பில் ஒட்டவிடாமல் கெடுப்பவை. பாலூட்டும் காலத்தில் வெற்றிலையை அறவே விட்டுவிடுவதும், தேநீரைச் சாப்பாட்டோடு சேர்க்காமல் தள்ளிக் குடிப்பதும் நல்லது. ஙப்பி என்ற புளித்த மீன் விழுதை நன்றாகக் கொதிக்கவிட்டுச் சாப்பிடலாம். வேகாத புளித்த மீன் வேண்டாம்.

கேள்வி: என் மனைவிக்குக் குழந்தை பிறந்து இரண்டு மாதம். பிள்ளை தூங்கினாலும் அவள் தூங்குவதில்லை. "நான் அம்மாவாக இருக்க லாயக்கில்லை" என்று சொல்லி அழுகிறாள். காற்று கருப்பு பட்டிருக்கும், பீலிக்கான் கோயிலுக்குக் கூட்டிப்போய் மந்திரிக்க வேண்டும் என்கிறார் என் தாயார். நான் என்ன செய்வது?
– ஒரு கணவர், ரங்கூன்

பதில்: தம்பி, அம்மன் சன்னதிக்குத் தாராளமாகக் கூட்டிச் செல்லுங்கள், மனதுக்கு ஆறுதலாக இருக்கும். ஆனால் அதே வாரத்தில் மருத்துவரிடமும் கூட்டிச் செல்லுங்கள். பிரசவமான மூன்றாம் நான்காம் நாளில் காரணமின்றி அழுகை வருவது பெரும்பாலான தாய்மாருக்கு உண்டு. இரண்டு வாரத்திற்குள் அது தானாகத் தணிந்துவிடும். உங்கள் மனைவிக்கு இரண்டு மாதமாகிவிட்டது. பிள்ளை உறங்கும் நேரத்திலும் உறக்கம் வராமை, தன்னைத் தானே தாழ்த்திப் பேசுதல் ஆகிய இரண்டும் பிரசவத்திற்குப் பிந்தைய மனச்சோர்வுக்கே உரிய அடையாளங்கள். உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி, பிள்ளை பெற்ற பெண்களில் நூற்றுக்குச் சுமார் 13 பேர் இத்தகைய மனநலக் குறைபாட்டுக்கு ஆளாகிறார்கள். இது பேயும் இல்லை, பிடிவாதமும் இல்லை, வளர்ப்புக் குறையும் இல்லை. சர்க்கரை நோயைப் போல இதற்கும் மருத்துவம் உண்டு. பாலூட்டிக்கொண்டே சாப்பிடக்கூடிய மாத்திரைகளும் உண்டு.

மருத்துவர் 10 கேள்விகள் கொண்ட ஒரு தாளை வைத்துக்கொண்டு கேட்கக்கூடும். எடின்பரோ அளவுகோல் என்ற அந்தக் கேள்வித்தாள் 1987இல் வெளிவந்து, இன்று பல மொழிகளில் வழங்குகிறது. உங்கள் மனைவி பர்மிய மொழியில் தடுமாறினால் நீங்கள் உடனிருந்து தமிழில் சொல்லுங்கள். ஆனால் தன்னைத் தானே மாய்த்துக்கொள்ளும் எண்ணம் வந்ததா என்ற கடைசிக் கேள்வியின்போது, மாமியாரும் நாத்தனாரும் அறைக்கு வெளியே இருக்கட்டும். மனநல மருத்துவர் என்றாலே யுவாதாஜி மருத்துவமனையின் பெயரைச் சொல்லி ஏளனம் செய்கிறவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்கள் பேச்சுக்கு அஞ்சி ஒரு பெண்ணை இருட்டில் விட்டுவிடக் கூடாது.

வீட்டில் நீங்கள் செய்ய வேண்டியது ஒன்றுதான், அதுவும் இன்றிரவே தொடங்க வேண்டியது: உங்கள் மனைவி நான்கைந்து மணி நேரம் தொடர்ச்சியாகத் தூங்க வழி செய்யுங்கள். ஒன்பது மணிக்கு அவர் பால் கொடுத்துவிட்டுப் படுக்கட்டும். நள்ளிரவில் பிள்ளை எழுந்தால், முன்னமே பீய்ச்சி வைத்த பாலைப் புகட்டித் தோளில் போட்டுத் தட்டிக்கொடுங்கள். மின்சாரம் போய் மின்விசிறி நின்ற இரவுகளில் பனையோலை விசிறியை யார் கையில் எடுக்கிறார்கள் என்பதும் இதில் அடங்கும். சமூகக் காப்புறுதியில் பதிவு பெற்ற தொழிலாளியாக இருந்தால், 2012ஆம் ஆண்டுச் சட்டப்படி தந்தைக்கும் 15 நாள் விடுப்பு உண்டு. நம் ஆண்களில் பலர் அதைக் கேட்பதேயில்லை. இல்லாத குரல்கள் கேட்கிறது என்றோ, பிள்ளை தன் பிள்ளையே இல்லை என்றோ, பிள்ளைக்கும் தனக்கும் ஏதாவது செய்துகொள்ளத் தோன்றுகிறது என்றோ அவர் சொன்னால் ஒரு நிமிடமும் தனியே விடாமல் உடனே மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லுங்கள்.

உங்களையும் கேட்கிறேன், தம்பி: நீங்கள் தூங்குகிறீர்களா? பத்துத் தகப்பன்மாரில் ஏறக்குறைய ஒருவருக்கு இந்தச் சோர்வு வருகிறது. மருத்துவரிடம் போகும்போது அதையும் சொல்லுங்கள்.

கேள்வி: லைங்தாயாவில் தையல் ஆலையில் வேலை செய்கிறேன். பேறுகால விடுப்பு முடிந்து போக வேண்டும். வீட்டில் குளிர்பெட்டி இருந்தும் மின்சாரம் இருப்பதில்லை. பாலைப் பீய்ச்சி வைத்தால் கெட்டுவிடுமா? மாவுப்பாலைத் தண்ணீர் கூட்டிக் கரைத்துக் கொடுக்கலாமா?
– ஓர் இளந்தாய், ரங்கூன்

பதில்: இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில்: கூடாது. டின்னில் எழுதியிருக்கும் அளவுக்கு மேல் தண்ணீர் கூட்டினால் பிள்ளையின் வயிறு நிறையும், உடம்பு தேறாது. அளவு மீறினால் வலிப்புகூட வரலாம். விலை கட்டுப்படாமல் செய்கிறீர்கள் என்பது புரிகிறது. அதனால்தான் உங்கள் சொந்தப் பாலைக் காப்பாற்றிக்கொள்ளும் வழியைச் சொல்கிறேன்.

பீய்ச்சிய பால் 25 டிகிரி வரை வெப்பமுள்ள அறையில் நான்கு மணி நேரம் கெடாமல் இருக்கும். சித்திரை வெயிலில் ரங்கூன் வீடுகள் அதைவிட மிகவும் சூடாக இருப்பதால், அந்த நேரத்தைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளுங்கள். கடையில் ஐஸ்கட்டி வாங்கித் தெர்மாகோல் பெட்டியில் பாத்திரத்தைச் சுற்றி அடுக்கினால் கூடுதல் நேரம் தாங்கும். கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, கொதிநீரில் போட்டெடுத்த எவர்சில்வர் கிண்ணத்தில் பீய்ச்சுங்கள். வேலைக்குக் கிளம்பும் முன்னும், வீட்டுக்குத் திரும்பியதும், இரவிலும் நேரடியாகக் கொடுங்கள். ஆலையில் மதிய இடைவேளையில் பீய்ச்சி எடுத்தால்தான் சுரப்பு வற்றாது. புட்டி வேண்டாம். நம் வீட்டுப் பழைய பாலாடையோ சங்கோ இருந்தால் அதுவே புகட்டச் சிறந்தது. மூலைமுடுக்கு இல்லாததால் கழுவிக் கொதிக்கவைப்பது எளிது.

கேள்வி: மகனும் மருமகளும் தாய்லாந்தில் மேசோட் ஆலையில் வேலை செய்கிறார்கள். ஐந்து மாதப் பேரன் என்னிடம் இருக்கிறான். மாவுப்பால் குடிக்கிறான். உரைமருந்தைத் தேனில் குழைத்து வாரம் ஒருமுறை நாக்கில் தடவுகிறேன். செரிமானத்துக்குக் கடையில் பொட்டலமாக விற்கும் மருந்தும் கொடுக்கிறேன். சோறு எப்போது ஊட்டலாம்?
– ஒரு பாட்டி, பெகு

பதில்: அம்மா, இந்த வயதில் மீண்டும் ஒரு கைக்குழந்தையை எடுத்து வளர்க்கிறீர்கள். உங்கள் முழங்கால் வலியைப் பற்றி ஒரு சொல்கூட எழுதவில்லை. இருக்கும் என்று எனக்குத் தெரியும். பேரனுக்கு மருத்துவரைப் பார்க்கப் போகும் நாளில் உங்கள் இரத்த அழுத்தத்தையும் பார்த்துவரச் சொல்லுங்கள்.

தேனை ஒரு வயது நிறையும்வரை நாக்கிலும் தடவாதீர்கள். அதில் இருக்கக்கூடிய ஒருவகை நுண்கிருமி சிசுவின் குடலில் வளர்ந்து, கைகால் தளர்ந்து மூச்சே அடங்கிப்போகும் நோயை உண்டாக்கவல்லது. பெரியவர்களை அது ஒன்றும் செய்யாது, அதனால்தான் நம்ப முடியாமல் இருக்கிறது. பொட்டல மருந்தை இன்றே நிறுத்துங்கள். 2009ஆம் ஆண்டில் அமெரிக்காவின் ஃபோர்ட் வெய்ன் நகரில் குடியேறியிருந்த பர்மியக் குடும்பத்துக் குழந்தைகளின் இரத்தத்தில் ஈயம் மிகுந்திருந்தது. காரணம் தேடிப் போனவர்கள், வீட்டில் செரிமானத்துக்குக் கொடுத்துவந்த 'டா த்வே' என்ற மருந்தைச் சோதித்தபோது அதில் ஈயமும் பாஷாணமும் இருக்கக் கண்டார்கள். ஈயம் வளரும் மூளையைக் கெடுக்கும். போன புத்தியைத் திரும்பக் கொண்டுவர மருந்து கிடையாது. உள்ளே என்ன இருக்கிறது என்று எழுதப்படாத எந்தப் பொடியும் பிள்ளையின் வாய்க்குப் போக வேண்டாம்.

சோறு ஆறு மாதம் நிறைந்த பிறகு. கஞ்சித் தண்ணீராக ஊற்றாமல், கரண்டியைச் சாய்த்தால் வழியாத பதத்தில், குழைந்த சோற்றோடு பருப்பும் ஒரு சொட்டு நெய்யும் சேர்த்துப் பிசைந்து இரண்டு மூன்று வேளை ஊட்டுங்கள். சில நாளில் முட்டை மஞ்சள்கருவும், முள் எடுத்த மீனும் சேருங்கள். வாயில் மென்று ஊட்டும் பழக்கம் வேண்டாம், விரலால் மசித்தாலே போதும். வயிற்றுப்போக்கு வந்தால் உப்புச் சர்க்கரைக் கரைசல் பொட்டலத்தை அதில் சொன்ன அளவுத் தண்ணீரில் கரைத்துக் கரண்டி கரண்டியாகப் புகட்டுங்கள். கூடவே துத்தநாக மாத்திரையை மருத்துவரிடம் கேட்டு வாங்குங்கள். பாலை நிறுத்தாதீர்கள். கண் குழி விழுந்தாலோ, சிறுநீர் போகாவிட்டாலோ உடனே தூக்கிக்கொண்டு ஓடுங்கள்.

இன்னொன்று. மருமகள் இரவு வேலை முடிந்து போனில் கூப்பிடும்போது, பிள்ளை தூங்கிவிட்டான் என்று வைத்துவிடாதீர்கள். போனை அவன் காதருகே வையுங்கள், தாய் தாலாட்டுப் பாடட்டும். அவள் பக்கத்திலும் ஒரு மார்பு கனத்துக்கொண்டிருக்கிறது.

கேள்வி: பிள்ளைக்கு நான்காம் மாதத் தடுப்பூசி போட வேண்டிய நேரத்தில் ஊரைவிட்டுப் போக வேண்டியதாயிற்று. இப்போது எட்டு மாதம். முதலிலிருந்து தொடங்க வேண்டுமா?
– ஒரு தாய், தட்டோன்

பதில்: வேண்டாம். விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தால் போதும். இரண்டாம் மாதம் போட்ட ஊசி வீணாகவில்லை. தடுப்பூசி அட்டையோ, கையெழுத்திட்ட சீட்டோ எது இருந்தாலும் எடுத்துக்கொண்டு அருகிலுள்ள சுகாதார நிலையத்திற்குச் செல்லுங்கள். அட்டை தொலைந்திருந்தாலும் தயங்க வேண்டாம், நினைவிருக்கும் மாதத்தைச் சொல்லுங்கள். ஒன்பதாம் மாதம் மணல்வாரித் தடுப்பூசிக்கு உரிய மாதம் என்பதால், மீதியுள்ள ஊசிகளை எந்தெந்த நாளில் போடுவது என்று அங்கேயே ஒரு தாளில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.